ஊரான் வீட்டு நெய்யே...

1913-ல் லாஸ் ஏஞ்சலிஸ் நகரின் எக்கோ பார்க் ஏரித் தண்ணீரை வடித்தார்கள். வெறும் சேற்றை யார் போய்ப் பார்ப்பார்கள்? மேக் சென்னட் போனார். கேமராவும் நடிகர் பட்டாளமும் கூடவே போயின. மேபல் நார்மண்டும் மற்றவர்களும் சேற்றில் புரண்டு எழுந்தார்கள். 'எ மட்டி ரொமான்ஸ்' தயார்!

சென்னட்டின் கீஸ்டோன் ஸ்டுடியோ 1912-ல் தொடங்கியது. ஒரு ரீல், இரண்டு ரீல் சிரிப்புப் படங்களைச் சுடச்சுட இறக்கும் இடம். செட் போட்டு, கூட்டம் சேர்த்துப் படம் எடுத்தால் கட்டுப்படியாகாது. ஊரில் எங்கே ஊர்வலம், எங்கே பந்தயம் என்று பார்த்து, நடுவே நடிகர்களை இறக்கிவிட்டால் போதும். ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே!

அப்படிச் சிக்கியதுதான் 1914 ஜனவரியில் லாஸ் ஏஞ்சலிஸ் அருகே வெனிஸ் என்ற கடற்கரை ஊரில் நடந்த சிறுவர் கார் பந்தயம். வாரம் 150 டாலர் சம்பளத்துக்குச் சேர்ந்திருந்த 24 வயது இங்கிலாந்து நாடகக்காரரை அங்கே அனுப்பினார்கள். தொளதொள கால்சட்டை, இறுக்கமான கோட்டு, பெரிய பூட்ஸ், சின்னத் தொப்பி, ஒட்டு மீசை. சார்லி சாப்ளின்தான்.

கதை என்று ஒன்றும் கிடையாது. பந்தயத்தைப் படம்பிடிக்கும் கேமராவின் முன்னால் ஒருவன் வந்து வந்து நிற்கிறான். பிடித்துத் தள்ளுகிறார்கள், மறுபடி வருகிறான். தள்ளுபவர் ஹென்றி லேர்மன், படத்தின் நிஜ இயக்குநரே அவர்தான்! துரத்தல் இல்லை, முகத்தில் அப்பும் பை பலகாரம் இல்லை. கீஸ்டோன் படங்களில் இது அபூர்வம்.

சாப்ளினை விட்டுவிட்டுப் பின்னால் நிற்கும் ஜனங்களைக் கவனியுங்கள். துணை நடிகர்கள் அல்ல, பந்தயம் பார்க்க வந்த ஊர்க்காரர்கள். யார் இந்த ஆள் என்று முதலில் முறைக்கிறார்கள், போகப்போகச் சிரிக்கிறார்கள். பின்னாளில் உலகமே பார்த்துச் சிரித்த அந்த வேஷத்துக்குக் கிடைத்த முதல் ரசிகர் கூட்டம் இதுவாகத்தான் இருக்க வேண்டும்.

'கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்' பிப்ரவரி 7-ல் வெளியானது. அரை ரீல்தான் என்பதால், ஆலிவ் எண்ணெய் தயாரிப்பைக் காட்டும் ஆவணப் படத்தோடு ஒட்டி அனுப்பினார்கள். இதே வேஷத்தைச் சாப்ளின் முதலில் போட்டது 'மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் பிரெடிகமென்ட்' படத்துக்குத்தான் என்பார்கள். அது திரைக்கு வந்ததோ இரண்டு நாள் கழித்து.

அந்த ஆண்டு முடிவதற்குள் சாப்ளின் 30-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்துவிட்டார். வாரம் 1,000 டாலர் வேண்டும் என்று கேட்டபோது சென்னட் மறுத்துவிட்டார். சிகாகோவின் எஸ்ஸனே நிறுவனம் 1,250 டாலர் கொடுத்து அவரை அழைத்துக்கொண்டது.