கோல் காத்த கரங்கள்

பதுளையின் தேயிலைச் சரிவுகளில் சமநிலம் அரிது. எனினும் தோட்டத்து இளைஞர் உதைபந்தாட்டத்தைக் கைவிடுவதில்லை. அதுபோன்றதொரு தேயிலை மலை நாடே நீலகிரி. அங்கே வெலிங்டனில், மதராஸ் படைப்பிரிவில் உருவானவர் பீட்டர் தங்கராஜ்.

1935இல் ஹைதராபாத்தில் பிறந்த அவர், முதலில் முன்னணி ஆட்டக்காரர். பின்னரே கோல் காப்பாளரானார். 1956, 1960 ஒலிம்பிக் அணிகளில் இடம்பெற்றார். 1962இல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டு இறுதியாட்டத்தில், நோயிலிருந்து எழுந்துவந்து அவர் கோலைக் காக்க, இந்தியா தென்கொரியாவை 2–1 என வென்றது. 1967இல் அர்ஜுனா விருது பெற்றார்.

தடுத்த நூறு பந்துகளை உலகம் மறக்கும். தவறவிட்ட ஒன்றை மறவாது. அத்தனிமையை அறிந்தவரே அக்கலையைக் கற்பிக்க வல்லவர். ஓய்வுக்குப்பின் பொக்காரோவில் இளைஞரைப் பயிற்றுவித்த தங்கராஜ், 2008இல் அங்கேயே மறைந்தார்.

பதுளைச் சரிவில் கோலின்முன் தனித்து நிற்கும் இளைஞனுக்கும் உரியது இவ்வரலாறு.