கண்டிக் கைவினையின் 'இடைக்காலம்': ஆனந்த குமாரசுவாமியின் கால எல்லை பற்றிய மறுவாசிப்பு

கண்டிப் பிரதேசக் கலைகளைப் பற்றிய எழுத்தில் ஆனந்த குமாரசுவாமி 1908இல் வெளியிட்ட 'இடைக்காலச் சிங்களக் கலை' இன்றளவும் முதன்மை நூலாகவே மதிக்கப்படுகின்றது. பிரித்தானியர் 1815இல் கண்டியைக் கைப்பற்றும்வரை இடைக்கால வாழ்நிலை அங்கு குன்றா வலுவோடு நிலைத்திருந்தது என்னும் கருத்தை அந்நூல் தன் முகவுரையிலேயே நிறுவிவிடுகின்றது. அரச ஆதரவு அற்றுப்போனதும், காணிக்கு ஈடாகப் பரம்பரைத் தொழில் செய்துவந்த குலங்கள் நிலைகுலைந்தன என்பதும், பின்வந்த நூற்றாண்டு வீழ்ச்சியின் நூற்றாண்டு என்பதும் அக்கருத்திலிருந்து பிறப்பவை. நூல் திரட்டித் தரும் தரவுகளின் பெறுமதியில் ஐயமில்லை. அத்தரவுகளே 1815 என்னும் எல்லைக்கோட்டைத் தாங்கவில்லை என்பதே இங்கு முன்வைக்கப்படும் வாதம்.

அக்கோடு எங்கிருந்து வந்தது என்பதை முதலில் நோக்க வேண்டும். 1903 முதல் சில ஆண்டுகள் இலங்கைக் கனிப்பொருள் அளவைத் துறையின் இயக்குநராகப் பணியாற்றிய குமாரசுவாமி, தம் நூலை இங்கிலாந்தில், வில்லியம் மோரிஸின் கெல்ம்ஸ்கொட் அச்சகத்திலிருந்து வந்த அதே அச்சுப்பொறியில், 425 படிகளாக அச்சிட்டார். மோரிஸுக்கு வழிகாட்டிய ஜோன் ரஸ்கின், 1853இல் வெளிவந்த 'வெனிசின் கற்கள்' இரண்டாம் தொகுதியில், இடைக்காலக் கைவினைஞனின் சுதந்திரத்தை உயர்த்தி ஆலைத்தொழிலின் அடிமைத்தனத்தைக் கண்டித்தார். அதே ரஸ்கின், 1857ஆம் ஆண்டுக் கிளர்ச்சியின் சினம் ஆறாத நிலையில், 1858 சனவரியில் தென் கென்சிங்டனில் ஆற்றிய உரையில், இந்தியக் கலை இயற்கையின் மெய்ப்பொருள் எதனையும் தீட்டாத வெறும் மரபுக்கோலம் என்றும், அத்தகைய கலை ஒரு மக்களினத்தையே தாழ்த்தும் என்றும் தீர்ப்பளித்தார். கொடிவேலைப்பாட்டையும் தாமரை வடிவங்களையும் மரபின் வலிமையாகவே கண்ட குமாரசுவாமி இவ்விரண்டாம் தீர்ப்பைத் தலைகீழாக்கினார். ஆனால் முதலாவதை ஏற்றபோது, பொற்காலமும் அதன் சரிவும் என்ற ஆங்கிலக் காலக்கணக்கும் உடன்வந்தது. இங்கிலாந்தில் ஆலைப்புரட்சி வகித்த இடத்தைக் கண்டியில் 1815 வகித்தது.

தும்பறைப் பள்ளத்தாக்கில், அமுனுகமவில் அமைந்த தெகல்தொருவக் குகை விகாரை இவ்விடத்தில் தனிக் கவனத்துக்குரியது. கீர்த்தி சிறீ இராசசிங்கன் காலத்தில், 1771இல் தொடங்கப்பட்டு, இராசாதி இராசசிங்கன் காலத்தில், 1786இல் நிறைவுற்ற இவ்விகாரையின் ஆவணச் செய்திகளை, கண்டி மாவட்ட நீதிபதியாயிருந்த ஆர்ச்சிபால்ட் லோரி 1896இலும் 1898இலும் இரு தொகுதிகளாக வெளியிட்ட மத்திய மாகாண ஊர் அகராதி பேணியுள்ளது. இங்கு தீட்டியோருள் தேவரகம்பொல சில்வத்தென உன்னான்சே என்பவரின் பெயரே முன்னிற்கின்றது. 'சில்வத்' என்பது முழுத் துறவுநிலை பெறாது சமய ஒழுக்கம் பூண்டிருந்தவரைக் குறிக்கும். குமாரசுவாமியின் விளக்கப்படி ஓவியத் தொழில் நவந்தன்னோ எனப்படும் பரம்பரைக் கம்மியர் குலத்துக்குரியது. சேவைக்காணி பெற்று அரசனுக்கோ விகாரைக்கோ கடமையாற்றும் குலம் அது. அவரே வியந்து பேசும் சுவரோவியங்களிலோ முதன்மைத் தூரிகை அக்காணிமுறையின் விளிம்பில் நின்ற ஒரு சமயியின் கையில் இருந்திருக்கின்றது. ஒருவரின் சான்றைக் கொண்டு ஓர் அமைப்பை மறுக்கலாகாது என்பது உண்மைதான். எனினும், அமைப்பின் உச்சமாகக் காட்டப்படும் படைப்பே அமைப்புக்கு வெளியிலிருந்து வந்திருக்குமாயின், அதனை விதிவிலக்கு என்று ஒதுக்குவதற்கு முன் விதியையே மீண்டும் சோதிக்க வேண்டும். 1753இல் சியாமியப் பிக்குகள் வழியாக உபசம்பதை, அதாவது பிக்குகளின் முழுத் துறவேற்பு, மீட்கப்பட்டதும், நாயக்கர் மரபு மன்னர் விகாரைகளைப் புதுக்கியதும் எழுப்பிய பதினெட்டாம் நூற்றாண்டுப் புத்தெழுச்சியின் விளைவாக இவ்வோவியங்களைக் கொள்வதே பொருத்தம். குண்டசாலைப் பக்கத்துக் கல்மடுவக் கெடிகேயின் திராவிடப் பாணிக் கோபுரமும் அக்காலத்ததே. 1771க்கும் 1786க்கும் இடையில் எப்பகுதி எப்போது தீட்டப்பட்டது என்பது இன்னும் துணியப்படவில்லை. கொடைப்பட்டயத்தின் ஆண்டை ஓவியத்தின் ஆண்டாகக் கொள்ளும் வழக்கம் ஏற்கத்தக்கதன்று.

இரண்டாவது மறுப்பு இன்னும் உறுதியானது. 1832இல் ராஜகாரியம், அதாவது அரசனுக்குச் செய்யவேண்டிய கட்டாயச் சேவை, ஒழிக்கப்பட்டது. ஆனால் விகாரை, தேவாலயக் காணிகளிலும் பிரபுக்களின் நிந்தகமக் காணிகளிலும் சேவைக்கடமை தொடர்ந்தது. 1870ஆம் ஆண்டின் சேவைக்காணிச் சட்டமே அக்கடமையைப் பணமாக மாற்றிக்கொள்ள வழிசெய்தது. அதற்கென, எக்காணிக்கு எக்குடும்பம் என்ன பணியை எத்தனை நாள் செய்யக் கடமைப்பட்டது என்பதை ஆணையாளர் ஊர்தோறும் விசாரித்துப் பதிவேடுகளில் எழுதினர். குமாரசுவாமி கைவினைஞரின் இடைக்கால வாழ்வைச் சித்திரிக்கும்போது கைக்கொள்ளும் சான்றுகளுள் அப்பதிவேடுகளும் அடங்கும். 1815இல் மறைந்ததாகச் சொல்லப்படும் ஓர் உலகம், விக்டோரியா ஆட்சியின் எழுத்தர் கையால் 1870களில் நடைமுறைக் கடமையாகப் பதியப்பட்டிருப்பதை அவரது காலக்கணக்கு விளக்குவதில்லை.

வத்தேகமவைச் சூழ்ந்த ஊர்களின் செய்தியும் இதனோடு ஒத்துச் செல்கின்றது. அரக்குக் கடைசலுக்குப் பெயர்பெற்ற ஹுரிகடுவ இவ்வட்டாரத்தைச் சேர்ந்தது. கடையும் மரத்தின் சூட்டிலேயே நிற அரக்கை உருக்கிப் பூசும் இத்தொழில் அரசவையோடு அழியவில்லை. 1880இல் கண்டி–மாத்தளை இருப்புப்பாதை வத்தேகம வழியாகத் திறக்கப்பட்டது. 1882இல் கண்டியக் கலைச் சங்கம் தோன்றியது. சேவைக்காணி ஆணையாளராயிருந்த ஜே. எஃப். டிக்சனின் முயற்சியால் அது எழுந்ததாகக் கூறப்படும். குமாரசுவாமி வணிகச் சீரழிவாகக் காணக்கூடிய இம்மாற்றம், காணியிலிருந்து கூலிக்குக் கைவினைஞர் நகர்ந்த பாதையும் ஆகும்.

ரஸ்கின் கென்சிங்டனில் பேசிய அதே ஆண்டில், பேராதனைத் தாவரவியற் பூங்காவில் ஹர்மானிஸ் டி அல்விஸ் மலையகச் செடிகளை இலையும் பூவும் பிறழாது வரைந்துகொண்டிருந்தார். அவர் மகன் வில்லியம் பின்னர் ஃபிரெடெரிக் மூரின் இலங்கைப் பட்டாம்பூச்சி நூலுக்கு (1880–87) வரைந்தார். இயற்கையை வரையத் தெரியாத கீழைத்தேயம் என்ற தீர்ப்புக்கு இதைவிட நேரான மறுமொழி இல்லை. ஆயினும் கரையோரத்திலிருந்து வந்து, அரசுச் சம்பளம் பெற்று, மேனாட்டு முறையில் வரைந்த இக்கலைஞர்களுக்குக் குமாரசுவாமி வகுத்த எல்லைக்குள் இடமில்லை. இவ்விலக்கல் வருந்தத்தக்கது.

1870 சட்டத்தின் பின் எந்த ஊரில் எவ்வாண்டில் சேவை பணமாயிற்று என்பது பதிவேடுகளை ஊர்வாரியாக ஒப்புநோக்கிய பின்னரே தெளியும். தெகல்தொருவவுக்கும் ஹுரிகடுவவுக்கும் ஒரே விடை கிடைக்கும் என்று எதிர்பார்க்க இடமில்லை. ஆகவே 1815ஐ நீக்கிவிட்டு அவ்விடத்தில் 1870ஐ நிறுத்துவதும் பொருந்தாது.