தேள்கொடுக்கு: விதை உதிரும் முன் பிடுங்குங்கள்

குடியாத்தம் பகுதி விவசாயிகளே, ஏரி, கால்வாய் ஓரங்களில் நீர் வடிந்ததும் தலைகாட்டும் களை தேள்கொடுக்கு. குளிர்நாட்டுத் தோட்டங்களில் நீலப்பூ பூக்கும் ஃபர்கெட்-மீ-நாட் செடியும் இதே குடும்பம்தான்.

ஓராண்டுச் செடியான இது விதை மூலம் பெருகும். தேளின் வால் போலச் சுருண்ட கதிரில், வெளிர்நீலப் பூக்கள் அடியிலிருந்து நுனி நோக்கி மலரும். நுனியில் பூ இருக்கும்போதே அடியில் காய் முதிர்ந்துவிடும். எனவே முதல் கதிர் தெரிந்ததும், மண்ணில் ஈரம் இருக்கும்போதே வேரோடு பிடுங்குங்கள்.

இதன் நச்சு மாடுகளின் கல்லீரலைக் கெடுக்கும். செடி காய்ந்தாலும் நச்சு போகாது. பசுந்தீவனத்திலும் உலர்தீவனத்திலும் கலக்க விடாதீர்கள். நாட்டு மருந்தாகவும் உள்ளுக்குக் கொடுக்க வேண்டாம். இதைத் தின்ற மாடு தீவனம் எடுக்காமல் இளைத்தால், உடனே கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள்.