மாதேவி மகன் இழந்த முடி

மதுரையை அடுத்த கீழக்குயில்குடிக்கு வருகிறவர்கள் தாமரைக்குளத்தையும் அய்யனாரையும் பார்த்துவிட்டு, சமணர்மலையில் செட்டிப்புடவு, பேச்சிப்பள்ளம் வரை ஏறித் திரும்பிவிடுகிறார்கள். இன்னும் மேலே போக வேண்டும். மாதேவிப் பெரும்பள்ளியின் அடித்தளம் அங்கே இருக்கிறது. பராந்தக வீரநாராயண பாண்டியன் காலத்துச் சமணப் பள்ளி அது. அவன் தேவி, சேரர் குலத்து வானவன்மாதேவியின் பெயரால் அமைந்தது என்பர். அவள் மகன் இரண்டாம் இராசசிம்மனோடு முற்காலப் பாண்டியர் ஆட்சி முடிந்தது.

907-இல் பட்டமேறிய பராந்தகச் சோழன் படையெடுத்தான், மதுரை வீழ்ந்தது என்று ஒரே வரியில் கடந்துவிடுகிறோம். அந்தப் போருக்கான விதை இரண்டு தலைமுறைக்கு முன்பே காவிரிக்கரையில் விழுந்துவிட்டது.

வைகை ஆண்டு முழுதும் ஓடாது. காவிரிப் படுகை நெல்லுக்குப் பஞ்சமில்லாத பூமி. காஞ்சிப் பல்லவரும் மதுரைப் பாண்டியரும் அதற்காகவே மோதினார்கள். பாண்டியன் ஸ்ரீமாறன் தெள்ளாற்றில் தோற்றான், குடமூக்கில் வென்றான், அரிசிலாற்றங்கரையில் மீண்டும் தோற்றான். இரண்டு பேரரசுகளும் இப்படித் தேய்ந்துகொண்டிருந்தபோதுதான், 850-ஐ ஒட்டி, சோழன் விசயாலயன் தஞ்சையைப் பிடித்தான். 880 வாக்கில் திருப்புறம்பியத்தில் பாண்டியன் வரகுணன் தோற்றான். வென்ற பல்லவன் பக்கம் கங்க மன்னன் பிருதிவீபதி மாண்டான். பலன் முழுவதும் ஆதித்த சோழனுக்கு! பின்னர் அவன் தன் பேரரசனான பல்லவனையே வீழ்த்தித் தொண்டைநாட்டை எடுத்துக்கொண்டான். வடக்கே அச்சம் நீங்கிய சோழனின் பார்வை தெற்கே திரும்பியதில் வியப்பில்லை. மதுரையின் விதி அன்றே எழுதப்பட்டது என்பேன்.

இன்னொரு இழை ஈழத்திலிருந்து வந்தது. ஸ்ரீமாறன் ஈழத் தலைநகர் அனுராதபுரத்தைச் சூறையாடினான். அதற்குப் பழிதீர்க்க வந்த ஈழ மன்னன் இரண்டாம் சேனனின் படை மதுரைக்குள் புகுந்து, தனக்கு வேண்டிய இளவரசனை அரியணையில் அமர்த்தியது என்கிறது ஈழத்து வரலாற்று நூலான சூளவம்சம். அன்றுமுதல் மதுரை அரியணை அனுராதபுரத்துக்கும் சொந்தக் கவலையாயிற்று. சோழன் நெருங்கியதும் இராசசிம்மன் ஈழத்து உதவியைக் கேட்டதும், ஈழ மன்னன் ஐந்தாம் கசபன் படை அனுப்பியதும் அந்த உறவால்தான். 915-ஐ ஒட்டி வெள்ளூரில் இரண்டு படைகளும் சேர்ந்தே தோற்றன. ஈழப்படைத் தலைவன் நோயில் மாண்டான்.

இராசசிம்மன் ஈழத்துக்கு ஓடினான். பாண்டிய முடியை அங்கே விட்டுவிட்டு, தாய்வீடான சேரநாட்டுக்குப் போனான். அந்த முடியைக் கேட்டுப் பராந்தகச் சோழன் அனுப்பிய படை வெறுங்கையோடு திரும்பியது. பல பத்தாண்டுகள் கழித்து, 1017 வாக்கில், இராசேந்திர சோழன்தான் அதைக் கைப்பற்றினான்.

(தொடரும்)