ஆறுகள் மறவாத மொழி

அசாமின் வரைபடத்தைக் கையிற் கொண்டு, பிரமபுத்திரப் பேராற்றைக் கிழக்கிலிருந்து மேற்காகத் தொடர்ந்து வருவோர்க்கு ஒரு செய்தி எளிதிற் புலப்படும். அதனொடு வந்து கலக்கும் ஆறுகளின் பெயர்களுள் பல ‘தி’ என்னும் எழுத்திலே தொடங்குகின்றன. திபாங், திகாரு, திப்ரு, திகிங், திசாங், திகௌ, திக்ரோங் என அவ்வரிசை நீளும். தெற்கே வட கச்சார் மலைகளுக்குட் புகுந்தால் தியுங் என்னும் ஆறு எதிர்ப்படும். அசாமியப் பேச்சில் நீருக்குப் பெயர் ‘பானி’. ஆற்றுக்குப் பெயர் ‘நொய்’. ஆயின் இந்தத் ‘தி’ எங்கிருந்து வந்தது?

அம்மலைகளில் வாழும் திமாசா மக்களின் மொழியில் ‘தி’ என்றால் நீர். பள்ளத்தாக்கின் வடகரையில் வாழும் போடோ மக்கள் அதனைத் ‘தொய்’ என்பர். திரிபுராவின் கொக்பரோக் மொழியில் அது ‘துய்’; மேகாலயத்தின் மேற்குப் பகுதியில் வாழும் காரோக்களிடம் ‘சி’. ஒரே வேர்ச்சொல் வாய்க்கு வாய் சற்றே திரிந்து நிற்கின்றது. எண்ணுப் பெயர்களை எடுத்துக்கொண்டாலும் இவ்வுறவு மறைவதில்லை. நான்கு என்பது போடோவிலும் கொக்பரோக்கிலும் ‘ப்ருய்’, காரோவில் ‘ப்ரி’. இவற்றையும், திவா, ராபா, கோச், தேவுரி முதலியவற்றையும் சேர்த்துப் ‘போடோ-காரோ’ கிளை என மொழிநூலார் வழங்குவர். திபெத்தியமும் பர்மியமும் அடங்கிய திபெத்திய-பர்மியப் பெருங்குடும்பத்தில் இஃது ஒரு கிளை. மிசோ மொழி அதே குடும்பத்தின் வேறொரு கிளையைச் சேர்ந்தது. அங்கும் நீர் ‘துய்’ என்றே வழங்குவதை நோக்கின், இச்சொல்லின் பழமை விளங்கும்.

இம்மொழிகளில் வினைச்சொல் வாக்கியத்தின் இறுதியில் நிற்கும். வேற்றுமை உருபு பெயருக்குப் பின் வந்து ஒட்டும். இதனைக் கண்ட தமிழர் சிலர் ‘நம் மொழி போலவே இருக்கின்றதே’ என வியப்பதுண்டு. அந்த ஒப்புமை தொடரமைப்பின் அளவிலேயே நின்றுவிடுகின்றது. வேர்ச்சொற்களில் உறவு ஏதும் இல்லை. அவர்கள் எண்ணும் முறையே வேறு. மனிதரை எண்ணும்போது ஒரு முன்னொட்டும், விலங்கை எண்ணும்போது மற்றொன்றும் எண்ணுப் பெயரோடு சேரும். ஒருவன் ‘ஸாஸே’ என்றால் ஓர் ஆள். ‘மாஸே’ என்றால் ஒரு விலங்கு. எண்ணப்படும் பொருளைக் கூறாமலே கேட்பவர்க்குப் பாதிச் செய்தி விளங்கிவிடும்.

2011-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கின்படி இந்தியாவில் போடோ பேசுவோர் ஏறத்தாழ 14 இலட்சத்து 83 ஆயிரம். காரோ பேசுவோர் 11 இலட்சத்து 45 ஆயிரம். திரிபுரி எனக் கணக்கிற் குறிக்கப்பெறும் கொக்பரோக் வகைகளைப் பேசுவோர் 10 இலட்சத்து 11 ஆயிரம். திமாசா 1 இலட்சத்து 37 ஆயிரம். ஏனையவை இன்னும் சிறியன. வரைபடத்தில் இவர்களுடைய ஊர்களைக் குறித்தால், ஒன்றோடொன்று ஒட்டாத தீவுகள் போலத் தோன்றும். ஆறுகளின் பெயர்களோ அத்தீவுகளை இணைக்கும் மறைந்த நிலத்தைக் காட்டுகின்றன.

இவ்வினத்தார் ஒரு காலத்தில் பிரமபுத்திரப் பள்ளத்தாக்கு முழுவதிலும், மேற்கே வட வங்கம் வரையிலும், தெற்கே திரிபுரா வரையிலும் தொடர்ச்சியாகப் பரவியிருந்தனர் என்பது சுநீதி குமார் சட்டர்ஜியின் கருத்து. 1951-இல் வெளிவந்த ‘கிராத ஜன கிருதி’ என்னும் நூலில் இதனை அவர் நிறுவ முயன்றார். அண்மைக் காலத்தில் ஸ்காட் டிலான்சி என்னும் அமெரிக்க மொழிநூலார் இன்னும் ஒருபடி மேலே சென்றார். இக்கிளையின் இலக்கணம் தன் உறவு மொழிகளைக் காட்டிலும் எளிமையாக இருப்பதைச் சுட்டி, பல மொழியினரும் தம்முட் பேசிக்கொள்ளப் பயன்படுத்திய ஆற்றங்கரைப் பொதுமொழியாக இது தோன்றியிருத்தல் கூடும் என்றார். எனக்கு இக்கருத்து பொருத்தமாகவே படுகின்றது. ஆயினும் ‘தி’ எனத் தொடங்கும் பெயர் ஒவ்வொன்றையும் போடோச் சொல்லென முடிவு கட்டுதல் தகாது. ஆற்றுப் பெயர்கள் பல வாய்களிற் புரண்டு வந்தவை.

1228-ஆம் ஆண்டில் சுகாபா என்னும் தலைவனோடு தாய் மொழி பேசும் அகோம்கள் கீழ்த்திசை மலைகளைக் கடந்து வந்தனர். அவர்கள் மொழியில் நீருக்குப் பெயர் ‘நாம்’. சிவசாகருக்கு அருகே உருத்திர சிம்மன் 1703-இல் கட்டுவித்த கற்பாலம் இன்றும் நிற்கின்றது. அதன் கீழ் ஓடும் ஆறு நாம்தாங். அது கலப்பதோ திகௌ ஆற்றில். அகோம் அரசர்கள் ஏறத்தாழ 600 ஆண்டுகள் அந்நிலத்தை ஆண்டும், திகௌவின் முன்னெழுத்து அழியவில்லை. காலப்போக்கில் அகோம்கள் தம் மொழியையே விட்டு அசாமியத்தை ஏற்றனர். இன்று அவ்விரு ஆறுகளின் கரையிலும் ஒலிப்பது அசாமியமே.

போடோ இனத்தார்க்கு அரசே இல்லாதிருந்ததோ எனின், அன்று. அவர்களுக்கு அரசுகள் இருந்தன. அவ்வரசுகள் தம் மொழியை அரியணை ஏற்றவில்லை. கச்சாரி அரசின் பழந்தலைநகர் திமாப்பூர்; இன்று அது நாகாலாந்தில் உள்ளது. காளான் வடிவில் செதுக்கப்பெற்ற கற்றூண்கள் அங்கே நிற்கின்றன. 1536-இல் அகோம்கள் அந்நகரை அழித்தனர். கச்சாரிகள் மலைக்குள் ஒதுங்கி மைபாங்கைத் தலைநகராக்கினர். அங்கே 1576-ஆம் ஆண்டுக் கல்வெட்டில் மேகநாராயணன் என்னும் அரசன் தன்னை ‘காசெங்சா’ குலத்தவன் எனக் குறிக்கின்றான். கல்வெட்டின் மொழி வடமொழி. அரசனின் பெயர் வடமொழி. குலப்பெயர் ஒன்றே வீட்டு மொழி.

பின்னர்க் கச்சார்ச் சமவெளியில் காஸ்பூர் தலைநகராயிற்று. 1790-இல் கிருஷ்ண சந்திரனும் அவன் தம்பி கோவிந்த சந்திரனும் செம்பினாற் செய்த பசுவின் வயிற்றினுட் புகுந்து வெளிப்பட்டுச் சத்திரியராயினர். வீமனுக்கும் இடும்பிக்கும் வழிவந்தோர் எனவும் அறிவிக்கப்பெற்றனர். திமாப்பூர் என்பதை ‘இடும்பபுரம்’ எனக் கொள்வோரும் உளர். ‘தி’ நீர், ‘மா’ பெரிது. பேராற்றின் கரையில் அமைந்த ஊர் என்பதே திமாசா மக்கள் கூறும் பொருள். ‘சா’ என்பது பிள்ளை. ஆகவே திமாசா என்பார் பேராற்றின் பிள்ளைகள். இவ்விளக்கத்திற்குச் செப்புப் பசு வேண்டியதில்லை. கோவிந்த சந்திரன் 1830-இல் கொலையுண்டான்; 1832-இல் ஆங்கிலேயர் அந்நாட்டைத் தம் ஆட்சியில் சேர்த்தனர்.

இலக்கியத்திலும் இதே நிலையைக் காண்கிறோம். கம்பருக்குப் பிற்பட்டு, பதினான்காம் நூற்றாண்டில் மாதவ கந்தலி அசாமிய மொழியில் இராமாயணம் பாடினார். துளசிதாசருக்கு முற்பட்ட நூல் அது. அதனைப் பாடுவித்தவன் வராக அரசனாகிய மகாமாணிக்கியன். அவன் கச்சாரி மரபினன் என்பது அறிஞர் பலர் கருத்து. திரிபுர அரசர்களின் வரலாறாகிய ‘இராஜமாலா’ பதினைந்தாம் நூற்றாண்டில் தர்ம மாணிக்கியன் காலத்தில் தொடங்கப்பெற்றது என்பர். துர்லபேந்திரன் என்னும் தலைமைப் பூசகர் திரிபுர மொழியில் வழங்கிய பழஞ்செய்திகளை எடுத்துக் கூற, புலவர் இருவர் அவற்றை வங்காளச் செய்யுளாக்கினர். சொன்னவர் மொழி மறைய, எழுதியவர் மொழி நின்றது. பிறமொழிப் புலவரைப் புரந்தமைக்காக அவ்வரசர்களைப் பழித்தல் வேண்டா. ஆனால் தாய் தாலாட்டிய மொழியில் ஒரு நூலேனும் எழுதுவிக்கும் எண்ணம் அவர்களுக்கு உண்டாகாதது எண்ணத்தக்கது.

அரசர் விட்டதை எடுத்துக் காத்தவர் உழவர்களும் நெசவு செய்யும் பெண்டிருமே. ஏட்டிற் பதியும் பணி அயலாரால் தொடங்கிற்று. ஹாட்சன் 1847-இல் போடோ மொழியைப் பற்றி எழுதினார். காரோக்களிடையே பாப்திஸ்து சபையினர் பள்ளி வைத்து, முதலில் வங்க எழுத்திலும் பின்னர் ரோமன் எழுத்திலும் நூல் அச்சிட்டனர். 1900-இல் இராதாமோகன் தாகூர் ‘கொக்-பரோக்மா’ என்னும் இலக்கணத்தை வெளியிட்டார்; அவர் அம்மொழிக்கு உரியவர்.

1952-இல் போடோ சாகித்திய சபை தோன்றியது. 1963-இல் தொடக்கப் பள்ளிகளில் போடோ பயிற்றுமொழியாயிற்று. அடுத்து எழுந்தது எழுத்துச் சிக்கல். அசாமிய எழுத்தை விடுத்து ரோமன் எழுத்தைக் கொள்ளுதல் வேண்டும் எனச் சபை 1974-இல் போராட்டம் தொடங்கிற்று. அரிச்சுவடிக்காக மனிதர் உயிர் துறப்பரோ என ஐயுறுவோர்க்கு அவ்வாண்டின் செய்தியே விடை, பலர் உயிரிழந்தனர். முடிவில் 1975-இல் இரண்டையும் விட்டு, மத்திய அரசின் யோசனைப்படி தேவநாகரியை ஏற்றனர். யாரும் முதலிற் கேளாத எழுத்து அது. இன்று அவ்வெழுத்திலேயே போடோக் கதையும் கவிதையும் வளர்கின்றன. 2003-ஆம் ஆண்டின் 92-ஆவது திருத்தத்தால், தமிழ் முதலிய மொழிகள் இடம்பெற்ற எட்டாவது அட்டவணையில் போடோவும் சேர்ந்தது. 2020-இல் அசாமின் துணை ஆட்சிமொழியாகவும் ஆயிற்று.

திரிபுராவில் 1945-இல் தோன்றிய ஜனசிக்ஷா சமிதியினர் மலையூர்களில் நூற்றுக்கணக்கான பள்ளிகளைத் திறந்தனர். அவர்கள் மூட்டிய கல்வி வேட்கையின் பயனாக எழுந்த தலைமுறையே கொக்பரோக்கிற்கு உரிமை கேட்டது. 1979-இல் அது அம்மாநில ஆட்சிமொழிகளுள் ஒன்றாயிற்று. அங்கு வங்க எழுத்தா ரோமன் எழுத்தா என்னும் வழக்கு இன்னும் தீரவில்லை.

எண்ணிக்கையில் சிறிய தேவுரி மக்களைப் பற்றியும் கூறுதல் வேண்டும். இவர்கள் சதியாவின் தாமிரேசுவரி கோயிற் பூசகர் வழியினர். அரசியற் குழப்பங்களால் ஆற்றின் வழியே கீழே இறங்கி வந்து குடியேறியவர்கள். 2011-இல் தேவுரி பேசுவோர் 32,376 பேர். பழைய பிரிவுகளுள் போர்கொயான்களும் தெங்காபானியர்களும் தம் மொழியை விட்டு அசாமியம் பேசலாயினர். திபோங்கியர் மட்டுமே அதனை வீட்டிலே பேசுகின்றனர். இப்பிரிவினர் தாம் முன்பு வாழ்ந்த ஆறுகளின் பெயராலேயே அறியப்படுகின்றனர். மொழி இழந்த தெங்காபானியரின் ஆற்றுப் பெயரில் நிற்பது அசாமியரின் ‘பானி’. மொழி காத்த திபோங்கியரின் ஆறு திபாங். இது தற்செயலே ஆகலாம். நான் இதனைச் சான்றாகக் காட்ட வரவில்லை. திபோங்கியரின் சிற்றூர்கள் இன்று லக்கிம்பூர், தேமாஜி, ஜோர்ஹாட் பகுதிகளில், திபாங் ஆற்றிலிருந்து நெடுந்தொலைவில் இருக்கின்றன.