கைக்கோடரி வந்த வழி

பள்ளிப் பாடப்புத்தகத்தில் பழைய கற்காலம் என்றதும் ஒரு கல்லின் படம் வருமே, வாதாங்கொட்டை வடிவில், இருபுறமும் செதுக்கி, ஒரு முனை கூராக? அதுதான் கைக்கோடரி. தேர்வில் இரண்டு மதிப்பெண் வாங்கித் தந்ததோடு நாம் மறந்துபோன அந்தக் கல்லை உலகம் அடையாளம் கண்ட கதை, இங்கிலாந்தின் ஒரு குக்கிராமத்தில் தொடங்கி, ஆவடி தாண்டி, பூண்டி ஏரிக்குப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றுக்கு வருகிறது.

அந்தக் குக்கிராமம் சஃபோக் பகுதியில் உள்ள ஹாக்ஸன். 1797இல் அங்கே செங்கலுக்குக் களிமண் தோண்டியவர்களுக்குச் சுமார் 12 அடி ஆழத்தில் செதுக்கிய சிக்கிமுக்கிக் கற்கள் கிடைத்தன. கூடை கூடையாக அள்ளிப் பக்கத்துச் சாலையின் பள்ளங்களில் கொட்டினார்கள். ஜான் ஃப்ரியர் என்ற நிலக்கிழார் மட்டும் சிலவற்றை எடுத்துவைத்து, உலோகம் அறியாத மனிதர் செய்தவை இவை, மிக மிகப் பழையவை என்று லண்டன் தொல்பொருள் கழகத்துக்குக் கடிதம் எழுதினார். கழகம் 1800இல் அதை அச்சிட்டது. உலகத்துக்கே வயது ஆறாயிரம் ஆண்டுதான் என்று பலர் நம்பிய காலம். கடிதம் அறுபது ஆண்டுகள் தூங்கியது.

அதை எழுப்பியவர்கள் வியாபாரிகள். பிரான்சின் அப்வில் நகரத்துச் சுங்க அதிகாரி புஷே த பெர்த், ஆற்றுச் சரளையில் இதே மாதிரிக் கற்களைச் சேர்த்துவைத்து, கேலிக்கு ஆளாகிக்கொண்டிருந்தார். 1859இல் இரண்டு ஆங்கிலேயர்கள் நேரில் போய்ப் பார்த்து, அவர் சொல்வது சரிதான் என்றார்கள். ஒருவர் ஜோசப் பிரெஸ்ட்விச், திராட்சை மது வியாபாரி. மற்றவர் ஜான் எவன்ஸ், காகித ஆலைக்காரர். ஊர் திரும்பிய எவன்ஸ் தற்செயலாகக் கழகத்தின் கண்ணாடிப் பெட்டிக்குள் பார்த்தால், ஃப்ரியர் அனுப்பிய கற்கள்! அப்வில்லில் பார்த்ததன் அச்சு அசல்.

மதிப்பு ஏறியதும் போலிகளும் கிளம்பின. யார்க்‌ஷயரில் எட்வர்ட் சிம்ப்சன் என்ற நாடோடி, தானே செதுக்கிய கற்களைப் பழையவை என்று விற்றுத் திரிந்தார். 1863 மார்ச்சில் அப்வில்லில் ஒரு மனிதத் தாடை எலும்பு ‘கிடைத்தது’. பரிசுப் பணத்துக்காக வேலையாட்கள் புதைத்துவைத்தது என்று எவன்ஸ் முதலானோர் சந்தேகப்பட்டார்கள். அவர்கள் சந்தேகமே சரி என்று ஆனது.

அந்தக் கூச்சல் ஓயுமுன், 1863 மே 30ஆம் தேதி, இந்திய நிலவியல் ஆய்வுத் துறையின் ராபர்ட் புரூஸ் ஃபூட், பல்லாவரத்தில் படையணித் திடலை ஒட்டிய சரளைக் குழியில் ஒரு கல்லைக் குனிந்து எடுத்தார். ஐரோப்பியச் செய்திகளைப் படித்திருந்தவருக்கு அது என்னவென்று தெரிந்தது. இங்கே கல் என்னவோ லட்சக்கணக்கான ஆண்டுகளாகக் கிடந்த இடத்திலேயேதான் கிடந்தது. அதைப் பார்க்கும் கண்தான் சுங்க அதிகாரி, மது வியாபாரி, காகித ஆலைக்காரர் வழியாகக் கடல் தாண்டி வந்து சேர்ந்தது. வேடிக்கை என்னவென்றால், அந்த ஆண்டு பம்பாய் மாகாண ஆளுநராக இருந்த பார்ட்டில் ஃப்ரியர், ஹாக்ஸன் ஜான் ஃப்ரியரின் பேரன்.

நான்கு மாதம் கழித்து, செப்டம்பர் 28ஆம் தேதி, ஃபூட்டும் அவருடைய சகா வில்லியம் கிங்கும் அத்திரம்பாக்கம் போனார்கள். சென்னைக்கு வடமேற்கே சுமார் 60 கிலோமீட்டர். கொசஸ்தலை ஆற்றுப் படுகை. ஓடைகள் அரித்த நிலத்தில் கற்கருவிகள் கொட்டிக் கிடந்தன. ஏன் அங்கே? அல்லிக்குழி மலையின் கூழாங்கல் படிவுகளில் உறுதியான குவார்ட்சைட் கல்லுக்குப் பஞ்சமில்லை. ஆற்றில் தண்ணீருக்கும் பஞ்சமில்லை. பிற்காலத்தில் சென்னையின் தாகத்துக்காக 1944இல் பூண்டி நீர்த்தேக்கம் கட்டப்பட்டதும் இதே ஆற்றின் குறுக்கேதான். ஆதிமனிதன் குடித்த ஆற்றின் தண்ணீர்தான் கால்வாய் வழியே புழலுக்கும் செம்பரம்பாக்கத்துக்கும் போகிறது.

அந்த வட்டாரத்தின் அடிப்பாறைக்கு நிலவியலாளர்கள் வைத்த பெயரில் ஆவடியும் இருக்கிறது: டைனோசர் காலத்து ஆவடிப் படிவம். அத்திரம்பாக்கத்தில் ஆழத்தில் தெரிந்த களிமண் அடுக்கையும் அப்படிப்பட்ட பழம்பாறை என்றே முந்தைய ஆய்வாளர்கள் கருதினார்கள். அதற்குள் மனிதக் கருவி இருக்க வழியில்லையே! 1999 முதல் அங்கே அகழாய்ந்த சாந்தி பப்பு குழுவினர், அந்தக் களிமண்ணுக்குள்ளேயே கைக்கோடரிகளை எடுத்தார்கள். கல் மண்ணுக்குள் புதைந்து எவ்வளவு காலமாயிற்று என்பதை, விண்கதிர் பட்டு அதில் உண்டான அலுமினியம், பெரிலியம் அணுக்களைக் கொண்டு கணக்கிட்டார்கள். 2011இல் ‘சயின்ஸ்’ இதழில் விடை வந்தது: சுமார் 15 லட்சம் ஆண்டுகள். ஹாக்ஸன் கற்களுக்கோ சுமார் 4 லட்சம்தான்.

2018இல் ‘நேச்சர்’ இதழில் இன்னொரு செய்தி. சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன்பே அத்திரம்பாக்கத்துக்காரர்கள் பெரிய கைக்கோடரியைக் கைவிட்டுச் சிறிய, நுட்பமான கருவிகளுக்கு மாறத் தொடங்கியிருந்தார்கள். இந்த நுட்பத்தை நவீன மனிதர் ஆப்பிரிக்காவிலிருந்து வெகு பின்னால் கொண்டுவந்தார்கள் என்ற கருத்து ஆட்டம் கண்டது. செய்தவர் எந்த மனித இனம் என்று சொல்ல எலும்பு ஒன்றுகூட அங்கே கிடைக்கவில்லை. குதிரை, எருமை இனப் பற்கள்தான் கிடைத்தன.

ஆக, இந்தியாவின் மிகப் பழைய மனித இருப்பிடங்களில் ஒன்று திருவள்ளூர் மாவட்டத்தில்தான் இருக்கிறது. ஆவடியில் மின்சார ரயில் ஏறித் திருவள்ளூரில் இறங்கி, பேருந்து பிடித்தால் பூண்டி. அங்கே தொல்லியல் துறையின் அருங்காட்சியகத்தில் இந்தக் கற்கள் அடுக்கப்பட்டிருக்கின்றன. போலி எது, அசல் எது என்று எவன்ஸைப் போல உற்றுப் பார்க்க வேண்டிய கவலை இல்லை, எல்லாம் அசல்.