சாக்-ஐ: ஒரு மீன் பெயரின் சரித்திரம்

கனடாவின் மேற்கே பிரேசர் நதிக்கரையில் தொன்றுதொட்டு வாழும் சேலிஷ் குடியினர், சமுத்திரத்தில் நீலமும் வெள்ளியுமாய்த் திரிந்துவிட்டு, முட்டையிடும் பருவத்தில் பிறந்த நதிக்கே மீண்டு, தலை பச்சையாகவும் உடல் குங்குமச் சிவப்பாகவும் மாறும் ஒருவகைச் சால்மனுக்குத் தம் பாஷையில் வழங்கிய பெயர், 'சிவந்த மீன்' என்று பொருள்படும் என்பர். அதைக் கேட்ட ஆங்கிலேயர், தம் செவிக்குப் பழகிய காலுறையையும் கண்ணையும் ஒட்டவைத்தாற்போல் 'சாக்-ஐ' எனத் திரித்துக்கொள்ள, இரண்டோடும் யாதொரு சம்பந்தமுமின்றியே அப்பெயர் நிலைத்துவிட்டது. கொலம்பியா நதியில் அதுவே 'நீலமுதுகு'. அலாஸ்காவில் வெறும் 'சிவப்பு'. 1792இல் அதற்குச் சாஸ்திரப் பெயர் சூட்டிய லூபெக் நகரத்து வைத்தியர் வால்பாமோ, ருஷியர் வழக்கிலிருந்த 'நெர்கா'வையே எடுத்தாண்டார். பிடித்து உண்டவர் வழங்கிய பெயரைப் பண்டிதரும் ஏற்றார் என்பதே இதன் சாரம்.